வானில் திடீரென ஒரு வெளிச்சம்: நெல்லைச் சீமையில் நின்று அது என்னவென்று கண்டுபிடிப்பது எப்படி?

தீப்பந்து மாதிரி ஒன்று வானத்தில் பாய்ந்தது, பச்சையாக எரிந்தது, மலைக்குப் பின்னால் விழுந்தது என்று ஊரில் ஒருவர் சொன்னால் போதும், அரை மணி நேரத்தில் அதற்குப் பல பெயர்கள் வந்துவிடும். எரிநட்சத்திரம், ஏவுகணை, பறக்கும் தட்டு, கொள்ளிவாய்ப் பேய். பெயருக்கு அவசரம் வேண்டாம். பார்த்த முதல் இரண்டு நிமிடத்தில் எதைக் குறித்து வைக்கிறீர்களோ, அதை வைத்துத்தான் பிறகு சரியான பெயரைக் கண்டுபிடிக்க முடியும்.

தமிழில் இந்தப் பழக்கம் மிகப் பழையது. புறநானூற்றின் 229-ஆம் பாட்டில் கூடலூர் கிழார் வானிலிருந்து ஒரு மீன் எரிந்து விழுந்ததைச் சொல்கிறார். பங்குனியின் முதல் பாதி, நள்ளிரவு, அந்நேரம் எந்த மீன் உச்சியிலிருந்து சாய்ந்தது, எது எழுந்தது, எது மறைந்தது, விழுந்த மீன் கிழக்கேயும் போகவில்லை வடக்கேயும் போகவில்லை என்று வரிசையாகச் சொல்கிறார். தன் அரசனுக்கு என்ன ஆகுமோ என்று நடுங்கியபடி பார்த்தவர் அவர். ஆனாலும் நேரம், திசை எதையும் விடவில்லை. நாமும் அதைத்தான் செய்யப் போகிறோம்.

கையில் ஒரு போன், அதில் திசைகாட்டி, ஸ்டெல்லேரியம் என்ற இலவசச் செயலி, ஒரு நோட்டு இருந்தால் போதும். தொலைநோக்கி வேண்டாம். இத்தனை வேகமாகப் போவதை அதில் பிடிக்கவே முடியாது.

படி 1: நின்ற இடத்தை விட்டு நகராதீர்கள்

வெளிச்சம் மறைந்ததும் அடுத்த வீட்டுக்காரரைக் கூப்பிட ஓடத்தான் தோன்றும். ஓடாதீர்கள். முதலில் போனில் மணி பாருங்கள். ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் நேரம் நொடி பிசகாமல் இல்லாவிட்டாலும் நிமிடம் பிசகாமல் பதிவாகும். அப்புறம் வெளிச்சம் தொடங்கிய இடத்துக்கு நேர் கீழே என்ன இருந்தது, மறைந்த இடத்துக்குக் கீழே என்ன இருந்தது என்று பாருங்கள். தண்ணீர்த் தொட்டி, செல்போன் கோபுரம், பனைமரம், எதுவானாலும் சரி. கண்டதை உங்கள் குரலிலேயே போனில் பேசிப் பதிந்துவிடுங்கள். மற்றவர்களிடம் பேசுவதற்கு முன்பே இதைச் செய்ய வேண்டும். நாலு பேர் சொல்வதைக் கேட்டபின் நம் நினைவு அவர்கள் சொன்னதோடு கலந்துவிடும்.

மறுநாள் காலையில் அதே இடத்தில் நின்று, திசைகாட்டியில் அந்த இரண்டு அடையாளங்களின் பாகையையும் குறித்துக்கொள்ளுங்கள். இரும்புக் கேட், பைக் பக்கத்தில் நின்றால் திசைகாட்டி தப்பாகக் காட்டும்.

படி 2: முஷ்டியால் உயரத்தை அளந்து பாருங்கள்

கையை முழுதாக நீட்டி முஷ்டி பிடித்தால், அது வானத்தில் ஏறத்தாழ 10 பாகையை மறைக்கும். சுண்டுவிரல் 1 பாகை. அடிவானத்திலிருந்து முஷ்டிமேல் முஷ்டியாக அடுக்கிக்கொண்டே போனால் 9 முஷ்டியில் தலைக்கு நேர் மேலே வந்துவிடும். நம் ஊரில் இதைச் சரிபார்க்க நல்ல வழி உண்டு. திருநெல்வேலி இருப்பது வட அகலாங்கு 8.7 பாகையில், எனவே துருவ நட்சத்திரம் வடக்கு அடிவானத்துக்கு ஒரு முஷ்டி உயரத்துக்குள்தான் எப்போதும் நிற்கும். மழை பெய்து தூசி அடங்கிய இரவில் பாருங்கள்.

இந்த உயரக் கணக்கு ஏன் இத்தனை முக்கியம்? "பொதிகைக்கு அந்தப் பக்கம் விழுந்துட்டு" என்று சொல்கிறோமே, அதை எடுத்துக்கொள்வோம். எரிகற்கள், அதாவது நாம் எரிநட்சத்திரம் என்று சொல்பவை, பெரும்பாலும் 80 முதல் 120 கி.மீ. உயரத்தில்தான் ஒளிர்கின்றன. திருநெல்வேலியிலிருந்து மேற்கே ஒரு முஷ்டி உயரத்தில் தெரிந்த எரிகல் 80 கி.மீ. உயரத்தில் எரிந்திருந்தால், அது நம்மிடமிருந்து ஏறத்தாழ 400 கி.மீ. தொலைவில் இருந்திருக்கும். மலையைத் தாண்டி, கேரளத்தையும் தாண்டி, அரபிக்கடலுக்கு மேலே! பக்கத்து வயலில் விழுந்தது போலத் தோன்றுவது கண் செய்யும் வேலை. இருட்டில் வரும் வெளிச்சத்தின் தூரத்தை அளக்கக் கண்ணுக்குப் பிடிமானம் எதுவும் கிடையாது.

படி 3: நொடிகளை நடித்துப் பாருங்கள்

எத்தனை நொடி நீடித்தது என்று கேட்டால் எல்லோரும் கூட்டித்தான் சொல்வார்கள். பயம் நேரத்தை நீட்டிவிடும். எனவே அந்த வெளிச்சம் போன பாதையைப் பார்த்த அதே வேகத்தில் விரலால் வானத்தில் வரைந்து காட்டுங்கள். பக்கத்தில் இருப்பவர் போனில் நொடி எண்ணட்டும். இரண்டு மூன்று முறை செய்தால் நம்பத்தக்க ஓர் எண் கிடைக்கும்.

பிரகாசத்தையும் குறியுங்கள். வெள்ளிக் கோளைவிடப் பிரகாசமாக எரியும் எரிகல்லைத்தான் தீப்பந்து என்கிறார்கள். தரையில் உங்கள் நிழல் விழுந்ததா? நிறம் என்ன? பச்சை என்றால் நிக்கல், மக்னீசியம் போன்ற உலோகங்களும், மஞ்சள் என்றால் சோடியமும் எரிந்திருக்கலாம். ஆனால் நிறத்தை மட்டும் நம்பி முடிவுக்கு வர வேண்டாம்.

படி 4: சத்தம் வருமா என்று காத்திருங்கள், ஜன்னலுக்கு அருகில் அல்ல

ஒளி உடனே வரும், ஒலி மெதுவாக வரும். 30 கி.மீ. உயரத்தில் ஒரு கல் வெடித்தால் அந்த இடி நம் காதுக்கு வர ஒன்றரை நிமிடமாவது ஆகும். 2013 பிப்ரவரி 15 அன்று ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகரத்தில் நடந்ததை நினைவில் வையுங்கள். வெளிச்சத்தைப் பார்த்த மக்கள் ஜன்னலருகே வந்து வெளியே பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் அதிர்வலை வந்தது. கண்ணாடி நொறுங்கி ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் காயப்பட்டார்கள். கண்ணைக் கூசவைக்கும் வெளிச்சம் வந்தால் குழந்தைகளைக் கண்ணாடியிலிருந்து விலக்கிவிட்டு, ஐந்து நிமிடம் காத்திருங்கள்.

படி 5: நேரத்தை வைத்துப் பிரியுங்கள்

ஒரு நொடி முதல் பத்து நொடிக்குள் முடிந்தால் எரிகல். அரை நிமிடம், ஒரு நிமிடம் என்று மெதுவாக ஊர்ந்து, பல துண்டுகளாக வரிசையில் எரிந்துகொண்டே போனால் அது பெரும்பாலும் பூமிக்குத் திரும்பும் ராக்கெட் பாகம். எரிகல் நொடிக்கு 11 முதல் 72 கி.மீ. வேகத்தில் வரும், ராக்கெட் குப்பை 8 கி.மீ. அளவில்தான் வரும். 2022 ஏப்ரல் 2 இரவு மராட்டியம், குஜராத், மத்தியப் பிரதேச மக்கள் பார்த்தது இத்தகைய காட்சிதான். சந்திரப்பூர் மாவட்டத்தில் பெரிய உலோக வளையமே கிடைத்தது.

மினுக்காமல் சில நிமிடம் சீராக நகர்ந்தால் செயற்கைக்கோள். முத்துமாலை போல வரிசையாகப் புள்ளிகள் போனால் ஸ்டார்லிங்க் எனும் இணையச் செயற்கைக்கோள்கள். விட்டு விட்டு மின்னினால் விமானம். வாகைக்குளம் விமான நிலையத்தில் இறங்க வரும் விமானம் நம்மை நோக்கி வரும்போது மட்டும் அசையாத பெருவிளக்காகத் தெரியும். அதில் ஏமாறுவோர் மிகப் பலர்.

அசையாமல் நெடுநேரம் நிற்கும் வெளிச்சங்கள்தான் நம் பக்கத்தில் ஏராளம். சாயங்காலம் மேற்கு மலைக்கு மேலே வெள்ளி. பிப்ரவரி இரவுகளில் தெற்கே தாழ்வாக, நிறம் மாறி மாறி மின்னும் அகத்திய நட்சத்திரம். கோடைக்கு முன் அம்பாசமுத்திரம், களக்காடு பக்கம் மலைச் சரிவில் காட்டுத்தீ பிடித்தால், மலை இருட்டில் மறைந்துபோய் நெருப்புக் கோடு மட்டும் வானத்தில் தொங்குவது போலிருக்கும். காற்றாலைகளின் உச்சியில் எரியும் சிவப்பு விளக்குகள். உவரி, இடிந்தகரைக் கடற்கரையில் நின்றால் அடிவானத்தில் மிதக்கும் படகு விளக்குகள். ஒரு பனைமரத்துக்கு முன்னால் அந்த வெளிச்சம் வந்து போனால், அது வானத்துப் பொருளே அல்ல என்று உறுதியாகச் சொல்லிவிடலாம். குளக்கரைக் கொள்ளிவாய்ப் பேய்க்கும் முதலில் இந்தச் சோதனையைத்தான் செய்ய வேண்டும்.

இனிமேல் இன்னொன்றும் சேரும். குலசேகரன்பட்டினத்தில் ராக்கெட் ஏவுதளத்துக்கு 2024 பிப்ரவரி 28 அன்று அடிக்கல் நாட்டினார்கள். அந்தி நேரத்தில் ஏவப்படும் ராக்கெட்டின் புகை, உயரத்தில் வெயில் பட்டு, விரியும் ஒளிமேகமாகத் தெரியும்.

படி 6: செயலியில் அந்த நேரத்துக்குத் திரும்பிப் போங்கள்

ஸ்டெல்லேரியத்தில் உங்கள் ஊரைக் கொடுத்து, நாளையும் மணியையும் பார்த்த நேரத்துக்கு மாற்றுங்கள். நீங்கள் குறித்த திசையில், குறித்த உயரத்தில் கோளோ பிரகாசமான நட்சத்திரமோ நிற்கிறதா? செயற்கைக்கோள்களுக்கு ஹெவன்ஸ் அபவ் தளம் உதவும். சர்வதேச விண்வெளி நிலையம் எப்போது நம் ஊருக்கு மேலே போனது என்று அதில் இருக்கும்.

படி 7: இன்னொரு ஊரில் பார்த்தவரைத் தேடுங்கள்

ஒருவர் கண்டது திசையைத்தான் தரும். இருவர் கண்டால் இடமே கிடைக்கும். அம்பாசமுத்திரமும் திருச்செந்தூரும் நேர்கோட்டில் ஏறத்தாழ 75 கி.மீ. தள்ளியிருக்கின்றன. அம்பாசமுத்திரத்தில் ஒருவர் திருச்செந்தூர் இருக்கும் திசையிலும், திருச்செந்தூரில் ஒருவர் அம்பாசமுத்திரம் இருக்கும் திசையிலும், நாலரை முஷ்டி (45 பாகை) உயரத்தில் அதே வெடிப்பைப் பார்த்திருந்தால், அது நடுவழியில் 37 கி.மீ. உயரத்தில் நடந்தது. பள்ளிக்கூடக் கணக்குதான்.

கடை, பெட்ரோல் பங்க் சிசிடிவியில் பதிவிருந்தால் அன்றைக்கே கேட்டு வாங்குங்கள், சில நாளில் பழைய பதிவு அழிந்துவிடும். அந்தக் கேமராவின் கடிகாரம் பிந்தியோ முந்தியோ ஓடும். திரையையும் உங்கள் போன் கடிகாரத்தையும் சேர்த்து ஒரு படம் எடுத்தால் வித்தியாசம் தெரிந்துவிடும். பிறகு, சர்வதேச விண்கல் அமைப்பின் இணையப் படிவத்தில் எல்லாவற்றையும் நிரப்புங்கள். இடம், நேரம், திசை, உயரம், நொடி என்று அது கேட்பதெல்லாம் உங்கள் நோட்டில் ஏற்கெனவே இருக்கும்.

பழகுவதற்கு

திடீரென வருவதற்குக் காத்திருந்தால் கை பழகாது. டிசம்பர் 13, 14 இரவுகளில் மிதுன ராசிப் பக்கமிருந்து ஜெமினிட் எரிகற்கள் பொழியும். வடகிழக்குப் பருவமழை மேகம் விலகினால், நள்ளிரவுக்குப் பின் மொட்டை மாடியில் பாய் விரித்துப் படுத்து, 20 நிமிடம் போனைத் தொடாமல் கண்ணை இருட்டுக்குப் பழக்குங்கள். ஒவ்வொன்றுக்கும் திசை, முஷ்டி, நொடி. செம்மணல் மேடான தேரிக்காட்டுப் பக்கம் போனால் வானம் இன்னும் இருட்டு. ஆனால் தனியாகப் போகாதீர்கள், காலில் ஷூ போடுங்கள். சந்தேகம் இருந்தால் கொக்கிரகுளம் மாவட்ட அறிவியல் மையத்தில் போய்க் கேளுங்கள்.

கல் கையில் கிடைத்தால்

மிக அரிது. இருந்தாலும் தெரிந்துகொள்ளுங்கள். புதிதாக விழுந்த விண்கல்லின் மேல் கரிய மெல்லிய ஓடு இருக்கும், அளவுக்கு மீறிக் கனக்கும். கிடந்த இடத்திலேயே பக்கத்தில் ஒரு நாணயம் வைத்துப் படம் எடுங்கள். கழுவ வேண்டாம், உடைக்க வேண்டாம். காந்தத்தை ஒட்டிப் பார்க்கவே வேண்டாம். கல்லுக்குள் கோடிக்கணக்கான ஆண்டுகளாக இருக்கும் காந்தப் பதிவு அதில் அழிந்துவிடும். சுத்தமான அலுமினியத் தாளில் சுற்றி வைத்துவிட்டு, தாசில்தார் அலுவலகத்தில் எழுத்துமூலம் தெரிவியுங்கள். இந்தியாவில் விழும் விண்கற்களைப் பாதுகாக்கும் பொறுப்பு இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையுடையது. கல்லோடு உங்கள் நோட்டுக் குறிப்பின் நகலையும் கொடுங்கள்.