ஜித்தாவின் பழைய நகரத்து வீடுகளில் வேலை செய்ய வருபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன வாரம் அல்-பலத் என்கிற இந்தப் பழைய நகரத்தில், பாப் மக்கா என்ற பழைய நகர வாசலுக்குப் பக்கத்துச் சந்து ஒன்றில், ஊரிலிருந்து புதிதாக வந்த இரண்டு தம்பிகளோடு ஒரு வீட்டை அளந்துகொண்டிருந்தேன். தரைத்தளச் சுவரில் சுண்ணாம்புக் காரை பொலபொலவென்று உதிர்ந்து கிடந்தது. ஒருவன் விரலால் தட்டிப் பார்த்துவிட்டு, "இதைக் கொத்திட்டு சிமெண்டு அடிச்சா ரெண்டு நாள் வேலைதானே அண்ணே" என்றான். இருபது வருடத்துக்கு முன்னால் நான் சொன்ன அதே பேச்சு. அன்றைக்கு என்னைத் தடுக்க யாரும் இல்லை, அதனால்தான் எழுதுகிறேன். தலைக்கவசம் போடுவது, வெயிலில் தண்ணீர் குடிப்பது இதையெல்லாம் முதல் நாளே சொல்லித் தந்துவிடுவார்கள், நான் அதற்குள் போகவில்லை.

எல்லா வீடும் ஆயிரம் வருடப் பழசு என்று நினைப்பது

கலீஃபா உஸ்மான் 647-ல் ஜித்தாவை மக்காவின் துறைமுகமாக்கினார். ஊருக்குத்தான் அந்த வயது. இன்று நிற்கும் உயரமான வீடுகள் பெரும்பாலும் 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியைச் சேர்ந்தவை. 1869-ல் சூயஸ் கால்வாய் திறந்து, நீராவிக் கப்பலில் சரக்கும் ஹாஜிகளும் குவிந்த பிறகு வந்த பணத்தில் எழும்பியவை. நஸீஃப் குடும்பத்து மாளிகையான பைத் நஸீஃப் 1872-ல் தொடங்கி 1881-ல்தான் முடிந்தது.

பவளக்கல் சுவரில் சிமெண்டு பூசுவது

இதைப் பற்றி நீளமாகத்தான் சொல்லப் போகிறேன், ஏனென்றால் இன்னும் எனக்கு ஆறவில்லை.

இந்த வீடுகள் செங்கடலோரத்துப் பவளப்பாறையை வெட்டி எடுத்த கல்லால் கட்டியவை. மன்கபி என்பார்கள். எடுத்த புதிதில் ஈரமாக இருக்கும், சுலபமாகச் செதுக்கலாம், காயக் காய இறுகும். ஒரு துண்டைக் கையில் எடுத்துப் பாருங்கள், முழுக்கக் கண்ணறைகள். அதற்குள் கடல் உப்பு ஏற்கெனவே இருக்கிறது. கடற்காற்றின் ஈரம் ஒரு பக்கம், தரையிலிருந்து ஏறும் ஓதம் ஒரு பக்கம் என்று சுவருக்குள் ஈரம் வந்தபடியேதான் இருக்கும். அது வெளியேறும் வழி சுண்ணாம்புப் பூச்சு. ஈரம் அதன் வழியாக ஆவியாகும், உப்பு அதிலேயே பூக்கும், சில வருடத்தில் பூச்சு உதிரும், மறுபடி பூசுவார்கள். கல் அரிபடாமல் இருக்க, முன்னால் நின்று தான் அரிபடுகிறது அந்தக் காரை. அது உதிர்வதைப் பார்த்து வீடு கெட்டுப்போய்விட்டது என்று நான் முடிவு கட்டினேன்.

அப்போது ஒரு மூலை வீட்டின் தரைத்தளத்தை என்னிடம் விட்டிருந்தார்கள். காரை முழுவதையும் கொத்தி எடுத்து, சிக்கன் மெஷ் என்கிற கம்பிவலை அடித்து, ஒன்றுக்கு நாலு கலவையில் சிமெண்டு பூசி மூன்றே வாரத்தில் முடித்துவிட்டேன். வீட்டுக்காரப் பெரியவர் என் தோளில் தட்டிக் கொடுத்தார். கடுக்காய்த் தண்ணீர் ஊற்றிச் சுண்ணாம்பு அரைத்ததை என் தாத்தா வீட்டிலேயே பார்த்து வளர்ந்தவன் நான், ஆனாலும் சிமெண்டுதான் உறுதி என்று படிப்பு என் தலையில் ஏற்றி வைத்திருந்தது.

இரண்டாவது வருடம் முதல் மாடியில் உப்பு பூத்தது. கீழே வெளியேற வழியில்லாத ஈரம் சுவருக்குள்ளேயே மேலே ஏறியிருந்தது. கீழே தட்டினால் டொப் டொப்பென்று வெற்றுச் சத்தம். பூச்சைப் பெயர்த்தபோது கல்லின் முகமும் அதோடு ஒட்டிக்கொண்டு வந்தது, பின்னால் கல் மாவாக இருந்தது. அதைவிட மோசம் மரம். கல் வரிசைகளுக்கு நடுவே கிடைமட்டமாக மரச்சட்டங்கள் போட்டிருப்பார்கள், தகாலீல் என்று பெயர். பாரத்தைப் பரப்பிக் கொடுத்துச் சுவரைச் சேர்த்துப் பிடித்திருப்பவை அவைதான். அதில் ஒன்றை உளியால் குத்தினேன், உளி பாதிவரை இறங்கியது. அப்புறம் முட்டுக் கொடுத்து, அந்தப் பகுதிச் சுவரை இறக்கி, கல் தேடி, மரம் மாற்றி, ஏழு மாதம். என் மூன்று வாரத்து வேலைக்குப் பெரியவர் கொடுத்த விலை அது.

செய்ய வேண்டியது இதுதான்: தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று முதலில் கண்டுபிடியுங்கள், உடைந்த குழாயா, மேல்மாடி ஏசி ஒழுகலா, கழிவுத் தொட்டியா. அதை நிறுத்துங்கள். பழைய சிமெண்டு இருந்தால் சிறு உளியால் பொறுமையாக எடுங்கள். பூத்த உப்பைக் காய்ந்தபடியே தூரிகையால் தட்டுங்கள், தண்ணீர் பீய்ச்சிக் கழுவினால் உப்பு கரைந்து மறுபடி உள்ளே போகும். சுவரை மாதக்கணக்கில் காயவிட்டு, பிறகு நன்றாக நீற்றிய சுண்ணாம்பு. ஒப்பந்ததாரர் அவசரப்படுத்துவார். விட்டுக் கொடுக்காதீர்கள்.

ஹாரத் அஷ்-ஷாம் சிரியாக்காரர் பேட்டை என்று எழுதுவது

ஹாரத் அஷ்-ஷாம் பழைய நகரத்துப் பேட்டைகளில் ஒன்று. ஷாம் என்பது சிரியாப் பக்கத்துக்கு அரபுப் பெயர்தான், ஆனால் ஷாம் என்றால் இங்கே வடக்கு, யமன் என்றால் தெற்கு. திசைதான்.

ரோஷானை வெறும் திரை என்று எண்ணுவது

தெருப்பக்கம் துருத்திக்கொண்டிருக்கும் அந்த மரச் சாளரக் கூடு, உள்ளே இருக்கும் பெண்களைத் தெரு பார்க்காமல் மறைக்கிறது என்பது சரி. ஆனால் அதை மட்டும் எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். ஒரு மத்தியானம் உள்ளே உட்கார்ந்து பாருங்கள். மூன்று பக்கமும் காற்று, முகத்தில் வெயில் இல்லை, தெருவில் யார் போகிறார்கள் என்பதெல்லாம் தெரியும். வீட்டிலேயே நல்ல இடம் அதுதான். உட்காரவும் படுக்கவும் அங்கேதான். தண்ணீர் ஜாடியைக் காற்றில் குளிர வைப்பதும் அங்கேதான். பின்னால் ஏசி அறை கட்டி ரோஷானைப் பலகையால் அடைத்த வீடுகளைப் பார்க்கும்போது வயிறு எரிகிறது.

உடைந்த ரோஷான் துண்டைக் குப்பையில் போடுவது

போடாதீர்கள். எண் எழுதி எடுத்து வையுங்கள்.

வாழ்ந்தவர்களைக் கேட்காமல் வரைபடம் முடிப்பது

1947-ல் ஊரைச் சுற்றியிருந்த மதில் இடிபட்டது, ஊர் வெளியே பரவியது, பழைய குடும்பங்கள் புதுப் பேட்டைகளுக்குப் போய்விட்டன, வீடுகளில் நம்மைப் போலப் பிழைக்க வந்தவர்கள் வாடகைக்கு இருந்தார்கள். அதனால் வீட்டில் இப்போது இருப்பவருக்கு அதன் கதை தெரியாது. ஒரு வீட்டில் இரண்டாவது படிக்கட்டு ஒன்று இருந்தது. பின்னால் சேர்த்தது என்று வரைபடத்தில் குறித்துவிட்டேன். அங்கே பிறந்த ஒரு முதியவர் ஒருநாள் மாலை வந்தார். ஹஜ் காலத்தில் கீழ் அறைகளை ஹாஜிகளுக்கு வாடகைக்கு விட்டுவிட்டுக் குடும்பமே மேல்மாடியில் நெருக்கிக்கொண்டு இருப்பார்களாம். அந்த மாதங்களில் வீட்டுப் பெண்கள் ஏறி இறங்க ஆரம்பத்திலேயே கட்டிய படி அது. தன் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு ஏறுவாராம். கைத்தடியைச் சுவரில் ஊன்றி மூன்றாவது படிவரை ஏறிக் காட்டினார். அன்றிரவே படத்தைத் திருத்தினேன்.