அளறு: நரகத்தைக் குறிக்கும் சொல்லுக்கு வேர் தேடும் முறை

திருக்குறளில் நரகத்துக்கு வரும் சொற்களில் ஒன்று அளறு. அதற்குச் சேறு என்றும் பொருள் உண்டு. எது முந்தியது என்பதை நீங்களே சோதித்துப் பார்க்கலாம்.

முதலில் சொல் வரும் இடங்களைத் திரட்டுங்கள். மின்பதிப்பில் 'அளறு' என்று மட்டும் தேடினால் பல இடங்கள் நழுவிவிடும். சீர் பிரித்த பதிப்புகளில் அது 'செய்யா தளறு', 'அழுந்து மளறு' என்று ஒட்டிக் கிடக்கும். உருபு ஏறினால் கிணறு கிணற்றில் ஆவதுபோல, அளறும் அளற்றில் ஆகிவிடும். ஆகவே 'ளறு', 'ளற்' என இரண்டு முறை தேடுங்கள். உளறு, குளறு எல்லாம் வந்து விழும், தள்ளிவிடுங்கள்.

குறளில் 255, 835, 919 கிடைக்கும். மூன்றிலும் உரைகாரர்கள் நரகம் என்றே பொருள் சொல்வார்கள். அதோடு நிற்காமல் பக்கத்தில் வரும் வினையைக் குறித்துக்கொள்ளுங்கள். 835இல் பேதை 'புக்கு அழுந்தும்' அளறு. 919இல் பூரியர்கள் (கீழோர்) 'ஆழும்' அளறு. அழுந்துவதும் ஆழ்வதும் சேற்றில் நடப்பவை. 255 இன்னும் நுட்பம்: ஊன் உண்டவனை அளறு விழுங்கிவிட்டு, வெளியே விட வாய் திறக்காதாம் ('அண்ணாத்தல் செய்யாது'). புதைசேற்றில் கால் வைத்தவருக்கு இது விளங்கும்.

பிறகு இனச்சொல், அதாவது ஒரே வேரைச் சேர்ந்த சொல். 'அள்ளல்' என்றாலும் சேறுதான். முத்தொள்ளாயிரத்தின் 'அள்ளற் பழனம்' சேறு நிறைந்த வயல். சென்னைப் பல்கலைக்கழகப் பேரகராதியில் (1924–1936) இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். கண்ணால் காணும் சேற்றிலிருந்து காணாத நரகத்துக்குப் பொருள் நகர்ந்தது என்பதே பொருத்தம்.

பலர் சறுக்குவது ஒலி ஒற்றுமையில். 'அலறும் இடம் அளறு' என்பார்கள். லகரமும் ளகரமும் வேறு, கணக்கு அங்கேயே உடைகிறது. 'நரர் + அகம் = நரகம்' என்பதும் இதே ரகம்; அது வடசொல், தமிழில் பிரித்துப் பொருள் காண இடமில்லை. பாதாளத்தையும் இதில் கலக்காதீர்கள். அது கீழேழு உலகங்களில் ஒன்று, நாகர்கள் வாழுமிடம். தண்டனைக் களம் அல்ல.

இன்னொன்று: மூன்று குறளை வைத்து 'வள்ளுவரின் நரகம் சேறு' என்று எழுதிவிட வேண்டாம். 121இல் அது 'ஆரிருள்' (அடர்ந்த இருள்), 168இல் 'தீயுழி' (தீ உள்ள இடம்).