ட்ரிப்டமீன்: பெயரைப் பிரித்துப் படிக்கும் வழி

சைக்கடெலிக் (மாயக்காட்சி தரும்) பொருள்களைப் பற்றிய செய்தியிலோ மருத்துவக் கட்டுரையிலோ 'ட்ரிப்டமீன்' என்று கண்டவுடன், பலர் அதைப் போதைப்பொருளுக்கு இன்னொரு பெயர் என்றே எடுத்துக்கொள்கிறார்கள். மூளையில் ஒரு பொருள் என்ன செய்யும் என்பதற்கும் இந்தச் சொல்லுக்கும் நேரடித் தொடர்பு கிடையாது. மூலக்கூறு எந்தச் சட்டகத்தின் மேல் கட்டப்பட்டிருக்கிறது என்பதைத்தான் அது சொல்கிறது. தூக்கத்துக்குக் கொடுக்கும் மெலட்டோனின் ஒரு ட்ரிப்டமீன். ஒற்றைத் தலைவலிக்கான சுமாட்ரிப்டானும் அப்படியே. நம் குடலிலேயே உண்டாகும் செரட்டோனினும் இதே குடும்பம்தான். ஆகவே பெயரை அப்படியே விழுங்காமல் பிரித்துப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும். பத்து நிமிடத்தில் பழகிவிடும்.

முதலில் சொல்லின் வேர். மருந்துக்கடையில் வீக்கத்துக்கு 'ட்ரிப்சின்–கைமோட்ரிப்சின்' மாத்திரை கொடுப்பார்களே, அந்த ட்ரிப்சின் புரதத்தைச் செரிக்கும் நொதி. புரதத்தை ட்ரிப்சின் உடைக்கும்போது தலைகாட்டும் பொருள் என்பதால் ஓர் அமினோ அமிலத்துக்கு ட்ரிப்டோஃபான் என்று பெயர் வந்தது. அதைத் தனியாகப் பிரித்தெடுத்தவர்கள் ஹாப்கின்ஸ், கோல் என்ற இருவர், ஆண்டு 1901. ட்ரிப்டோஃபானிலிருந்து ஒரு கார்பன் டைஆக்சைடு கழன்றால் மிஞ்சுவது ட்ரிப்டமீன். மூலக்கூறு நிறையிலேயே இதைப் பார்த்துவிடலாம்: 204.23-லிருந்து 44.01-ஐக் கழித்தால் 160.22.

ஓசையை நம்பினால் இங்கே இரண்டு இடத்தில் சறுக்கும். போதையில் 'ட்ரிப்' போவது என்கிறார்களே, அந்த ஆங்கிலச் சொல்லுக்கும் இதற்கும் எந்த உறவும் இல்லை. மனச்சோர்வுக்கும் நரம்பு வலிக்கும் எழுதிக்கொடுக்கும் அமிட்ரிப்டிலின், நார்ட்ரிப்டிலின் இரண்டும் ட்ரிப்டமீன்கள் அல்ல. அவற்றின் சட்டகமே வேறு.

தாளில் வரைந்து பாருங்கள்

ஆறு மூலை வளையம் ஒன்றை, ஒரு மூலை உச்சியில் இருக்கும்படி வரையுங்கள். அதன் வலப்பக்கச் செங்குத்துக் கோட்டைப் பொதுவாக வைத்து ஐந்து மூலை வளையம் ஒன்றை ஒட்டுங்கள். ஐந்து மூலை வளையத்தில் கீழே இருக்கும் மூலையில் நைட்ரஜனைப் போடுங்கள். மற்ற எல்லா மூலையும் கார்பன். இதற்கு இண்டோல் என்று பெயர். இண்டிகோ என்ற நீலச் சாயத்தின் பெயரிலிருந்து வந்த சொல் இது, அதாவது நம் அவுரிச் செடியின் சாயம். 1866-இல் அடால்ஃப் ஃபான் பேயர் அந்தச் சாயத்தை ஆராய்ந்துகொண்டு போன வழியில்தான் இண்டோல் கிடைத்தது.

இப்போது எண் போடுங்கள். நைட்ரஜனுக்கு 1. வலது கோடி மூலைக்கு 2. அதற்கு மேலே 3. அந்த மூன்றாவது மூலையிலிருந்து இரண்டு கார்பன் நீளத்துக்கு ஒரு வால் இழுத்து, நுனியில் ஒரு நைட்ரஜனையும் அதன்மேல் இரண்டு ஹைட்ரஜனையும் வையுங்கள். ட்ரிப்டமீன் வந்துவிட்டது: கார்பன் 10, ஹைட்ரஜன் 12, நைட்ரஜன் 2.

அடுத்து ஆறு மூலை வளையத்துக்கு எண் போட வேண்டும். பெரும்பாலோர் தவறுவது இங்கேதான். 3-ஐத் தாண்டினால் இரண்டு வளையமும் சேரும் மூலை வரும். அதற்கு 4 என்று போடக் கூடாது, அது 3ஏ. அந்தக் கார்பனில் மாற்றுவதற்கு ஹைட்ரஜன் கிடையாது, அதனால் தனி எண்ணும் கிடையாது. அடுத்த மூலை, அதாவது உச்சி, 4. பிறகு இடப்புறமாக இறங்கி 5, 6, 7. கீழ்ச் சந்திப்பு 7ஏ. சந்திப்பையும் எண்ணிவிட்டால் எல்லா எண்ணும் ஒரு படி தள்ளிப்போகும். '5-ஹைட்ராக்சி' (5-ஆம் இடத்தில் ஆக்சிஜன்–ஹைட்ரஜன் தொகுதி) என்று படித்து வரைந்தது உண்மையில் 4-ஆம் இடத்தில் போய் உட்காரும். விளைவு சின்னதல்ல: தேரையிலும் சில விதைகளிலும் இருக்கும் பியூஃபோடெனினை வரைய நினைத்தவர் போதைக் காளானில் இருக்கும் சைலோசினை வரைந்துவிட்டிருப்பார்.

இந்த இரண்டையும் கொஞ்சம் அருகில் வைத்துப் பார்ப்பது நல்லது. சைலோசின் என்பது 4-ஹைட்ராக்சி-என்,என்-டைமெத்தில்ட்ரிப்டமீன். பியூஃபோடெனின் என்பது 5-ஹைட்ராக்சி-என்,என்-டைமெத்தில்ட்ரிப்டமீன். 'டைமெத்தில்' என்றால் இரண்டு மெத்தில்; ஒரு கார்பனும் மூன்று ஹைட்ரஜனும் சேர்ந்தது ஒரு மெத்தில். இரண்டுக்கும் மூலக்கூறு வாய்பாடு ஒன்றே: கார்பன் 12, ஹைட்ரஜன் 16, நைட்ரஜன் 2, ஆக்சிஜன் 1. நிறையும் ஒன்றே, 204.27. வித்தியாசம் எல்லாம் அந்த ஒற்றை இலக்கத்தில். 4-ஆம் இடத்து ஹைட்ராக்சில் வாலுக்குப் பக்கத்திலேயே இருப்பதால் வால்நுனி நைட்ரஜனோடு நெருங்க முடிகிறது. அதனால் மூலக்கூறின் நீர்நாட்டம் குறைந்து, ரத்தத்திலிருந்து மூளைக்குள் நுழைவது எளிதாகிறது என்று விளக்கம் சொல்கிறார்கள். 5-ஆம் இடத்து ஹைட்ராக்சிலுக்கு அந்த வசதி இல்லை. பெயரை எழுதும்போது இட எண்ணை விட்டுவிட்டு 'ஹைட்ராக்சி டிஎம்டி' (டிஎம்டி என்பது டைமெத்தில்ட்ரிப்டமீன்) என்று மட்டும் போட்டால், எதைப் பற்றிச் சொல்கிறீர்கள் என்பதே தெரியாமல் போகும்.

வாலிலிருந்து தலைக்கு

வேதிப்பெயரைக் கடைசிச் சொல்லிலிருந்து பின்னோக்கிப் படியுங்கள். 'ட்ரிப்டமீன்' என்று முடிந்தால் மேலே வரைந்த படம்தான் அடிப்படை. அதற்கு முன்னால் இருக்கும் ஒவ்வொரு துண்டும் ஒரு ஹைட்ரஜனை எடுத்துவிட்டு என்ன வைத்தார்கள், எங்கே வைத்தார்கள் என்பதைச் சொல்லும்.

'என்' என்ற எழுத்து வால்நுனி நைட்ரஜனைக் குறிக்கும். வளைய நைட்ரஜனை அல்ல. வளையத்தில் இருப்பதற்கு எண் 1. ஆகவே என்-மெத்தில்ட்ரிப்டமீனும் 1-மெத்தில்ட்ரிப்டமீனும் வேறு வேறு பொருள்கள். தமிழில் 'நைட்ரஜன் மீது மெத்தில் தொகுதி' என்று மொழிபெயர்த்துவிட்டால் இந்த வேறுபாடு காணாமல் போய்விடும். 'பக்கச்சங்கிலி நைட்ரஜன்' என்றே எழுதுங்கள். 'என்,என்' என்று இரண்டு முறை வருவது அச்சுப்பிழையல்ல. ஒரே நைட்ரஜனில் இரண்டு ஹைட்ரஜனும் மாறியிருக்கின்றன என்று அர்த்தம். ஒன்றை நீக்கித் 'திருத்தி' விடாதீர்கள்.

வாலில் உள்ள இரண்டு கார்பன்களுக்கு ஆல்ஃபா, பீட்டா என்று பெயர். வளையத்திலிருந்து எண்ணிக்கொண்டு போய்த் தலைகீழாகப் போடுகிறவர்கள் உண்டு. நுனி நைட்ரஜனை ஒட்டியது ஆல்ஃபா, வளையத்தை ஒட்டியது பீட்டா.

படித்து முடித்ததைக் கணக்கால் சரிபார்க்கலாம். அடிப்படை 160.22. ஒரு மெத்திலுக்கு 14.03 கூட்டுங்கள், ஹைட்ராக்சிக்கு 16.00, மீத்தாக்சிக்கு 30.03, அசெட்டைலுக்கு 42.04. டிஎம்டி என்றால் இரண்டு மெத்தில், 188.28 வரும்; அச்சிட்ட நிறை 188.27. மெலட்டோனின் என்பது என்-அசெட்டைல்-5-மீத்தாக்சிட்ரிப்டமீன், 160.22, 30.03, 42.04 மூன்றையும் கூட்டினால் 232.29. அச்சிட்ட நிறை 232.28. கடைசி இலக்கம் ஒன்று முன்பின் ஆனால் அது முழுமையாக்கியதில் வந்தது, கவலை வேண்டாம். பெரிய வித்தியாசம் வந்தால் ஒரு துண்டை விட்டுவிட்டீர்கள், அல்லது அந்த எண் உப்பின் நிறை.

உப்பு விஷயத்தை மாத்திரை அட்டையிலேயே பார்க்கலாம். சுமாட்ரிப்டானின் நிறை 295.40, மாத்திரையில் இருப்பது அதன் சக்சினேட் உப்பு (சக்சினிக் அமிலத்தோடு சேர்ந்த வடிவம்), 413.5. அதனால்தான் 50 மில்லிகிராம் சுமாட்ரிப்டானுக்கு 70 மில்லிகிராம் உப்பு தேவைப்படுகிறது.

முழு எண் நிறையை மட்டும் வைத்து முடிவுக்கு வராதீர்கள். ட்ரிப்டோஃபானும் 204, சைலோசினும் 204. முன்னது தினமும் சாப்பாட்டில் இருக்கிறது.

சுருக்கெழுத்துகள்

கடைசி 'டி' ட்ரிப்டமீன். டிஎம்டி டைமெத்தில், டிஇடி டைஎத்தில், டிபிடி டைபுரோப்பைல். முன்னால் வரும் 'ஹெச்ஓ' ஹைட்ராக்சி, 'எம்இஓ' மீத்தாக்சி, 'ஏசிஓ' அசிட்டாக்சி. 5-எம்இஓ-டிஎம்டி என்று பார்த்தால் 188.27-உடன் 30.03 சேர்த்து 218.30 என்று மனதிலேயே போட்டுவிடலாம்.

சுருக்கத்தை மட்டும் நம்பினால் வேறு துறைக்குள் போய் விழ நேரும். பாலியெஸ்டர் தொழிலில் டிஎம்டி என்றால் டைமெத்தில் டெரெஃப்தாலேட், லாரி லாரியாக வரும் மூலப்பொருள். செல்போன் கடை வாசலில் டிஎம்டி என்று பலகை தொங்கினால் அது பணம் அனுப்பும் சேவை. முதல் முறை முழுப்பெயர், பிறகு சுருக்கம் என்பதே பாதுகாப்பு.

செரட்டோனினின் சுருக்கம் 5-ஹெச்டி: 5-ஹைட்ராக்சிட்ரிப்டமீன். மூளையின் ஏற்பிகளுக்கும் (சாவிக்குப் பூட்டு போல, பொருள்கள் போய்ப் பொருந்தும் இடங்கள்) இதே பெயரை வைத்திருக்கிறார்கள். சைக்கடெலிக் பொருள்கள் முக்கியமாகத் தூண்டுவது 5-ஹெச்டி2ஏ ஏற்பியை. சுமாட்ரிப்டான் போய்ச் சேருவது 5-ஹெச்டி1பி, 1டி ஏற்பிகளில். சுமாட்ரிப்டானின் வால்நுனியிலும் டிஎம்டியில் இருப்பது போலவே இரண்டு மெத்தில்கள் உண்டு. ஆனால் 5-ஆம் இடத்தில் ஒரு சல்ஃபோனமைடு தொங்குகிறது. பொருந்தும் பூட்டு மாறிவிடுகிறது. 'டிஎம்டி கலந்த தலைவலி மாத்திரை' என்று யாராவது தலைப்பு வைத்தால் அது வேதியியல் தெரியாதவர் வைத்த தலைப்பு.

எந்த இடத்தில் எந்த அளவில்

இந்தச் சொல்லை மூன்று அளவுகளில் பயன்படுத்துகிறார்கள். ஒருமையில் 'ட்ரிப்டமீன்' என்றால் 160.22 நிறையுள்ள அந்த ஒரே சேர்மம். 'ட்ரிப்டமீன்கள்' என்றால் அதில் பதிலிகள் (ஹைட்ரஜனுக்குப் பதிலாக வைத்த தொகுதிகள்) ஏறியவை; தமிழில் 'ட்ரிப்டமீன் வகைச் சேர்மங்கள்' என்பது குழப்பம் தராது. மூன்றாவது அளவு தாராளமானது: எல்எஸ்டி, ஐபோகெய்ன் போன்ற பல வளையப் பொருள்களுக்குள்ளும் இதே சட்டகம் மறைந்திருப்பதால் அவற்றையும் சிலர் சேர்த்துக்கொள்கிறார்கள். எல்எஸ்டியை லைசர்ஜமைடு என்று தனியே சொல்வதே மேல். மெஸ்கலினை எந்தக் கணக்கிலும் சேர்க்க முடியாது. அதில் இண்டோல் இல்லை, அது பினெத்திலமீன் என்ற வேறு சட்டகம். 'எக்ஸ்டசி' எனப்படும் எம்டிஎம்ஏவும் அந்தப் பக்கம்தான்.

கொடைக்கானல் போதைக் காளான் செய்தி எழுதுகிறவர்களுக்குத் தேவையான பெயர் சைலோசைபின். சைலோசினின் 4-ஆம் இடத்து ஆக்சிஜனில் ஒரு பாஸ்பேட் ஏறியது அது, நிறை 284.25. 1958-இல் ஆல்பர்ட் ஹோஃப்மன் குழு சுவிட்சர்லாந்தில் காளானிலிருந்து பிரித்தெடுத்தது. உடம்புக்குள் பாஸ்பேட் கழன்று சைலோசின் ஆனபிறகே மூளையில் வேலை செய்கிறது. 'காளானில் உள்ள டிஎம்டி' என்று எழுதுவது பிழை.

'ட்ரிப்டமீன் தடை செய்யப்பட்ட பொருள்' என்றும் எழுதாதீர்கள். இந்தியாவின் 1985-ஆம் ஆண்டுப் போதைப்பொருள் சட்டத்தின் அட்டவணை டிஎம்டி, டிஇடி, சைலோசின், சைலோசைபின் என்று பொருள் பொருளாகப் பெயர் சொல்கிறது. பிரிட்டன் 1977-இல் வேறு வழியில் போனது: ட்ரிப்டமீனின் பக்கச்சங்கிலி நைட்ரஜனில் மெத்தில், எத்தில் போன்ற ஆல்கைல் தொகுதிகள் மட்டும் ஏறியவை என்று வரையறையாகவே எழுதியது. மெலட்டோனினில் ஏறியிருப்பது ஆல்கைல் அல்ல, அசெட்டைல். அதனால் அந்த 1977 வலையில் அது சிக்கவில்லை.

தமிழில் எழுத்துக்கூட்டு: பள்ளிப் பாடநூல் 'அமீன்' என்று எழுதுவதால் 'ட்ரிப்டமீன்' அதோடு ஒத்துப்போகும்; 'ட்ரிப்டமைன்', 'டிரிப்டமின்' இரண்டும் புழக்கத்தில் உண்டு, ஒரே கட்டுரையில் கலக்காமல் இருந்தால் போதும். சைலோசினின் ஆங்கில எழுத்துக்கூட்டு 'பி'யில் தொடங்கும், ஆனால் உச்சரிப்பில் அது கேட்காது. ஆங்கில நூல்களின் பொருளடைவில் 'எஸ்' வரிசையில் தேடினால் கிடைக்காது. ஐநாவின் 1971 உடன்படிக்கைப் பட்டியலில் அதே பொருளுக்குச் சைலோட்சின் என்ற பெயரும் பக்கத்திலேயே இருக்கும். இரண்டும் ஒன்றுதான்.