சனிக்கிழமை ராத்திரி மேட்ச்சை ரேடியோவில் பிடிப்பது எப்படி

ராமேஸ்வரம் விசைப்படகுகள் கடலுக்குப் போவது திங்கள், புதன், சனி. காலையில் போனால் மறுநாள் காலையில்தான் கரை. இங்கிலாந்து பிரீமியர் லீக் ஃபுட்பால் மேட்ச்சுகள் பெரும்பாலும் சனிக்கிழமை, ஐரோப்பாவின் பெரிய கிளப்புகள் மோதுகிற சாம்பியன்ஸ் லீக் செவ்வாயும் புதனும். யாரோ கேலண்டரை வைத்துக்கொண்டு நம்மைப் பழிவாங்கியது போல, முக்கியமான ராத்திரி எல்லாம் நாம் தண்ணீரில் கிடக்கிறோம். கரையில் இருக்கிறவனுக்கும் ஒன்றும் பெரிய வசதி இல்லை, வீட்டு டிவியில் அந்த நேரத்தில் சீரியல் ஓடும், ஐஸ் கம்பெனியில் நைட் ஷிஃப்ட் என்றால் கையில் போனைப் பிடித்துக்கொண்டு நிற்க முடியாது. கை வேலையில் இருக்கும்போதும் சும்மா கிடப்பது காது ஒன்றுதான். அதனால் ரேடியோ.

நான் லிவர்பூல் ரசிகன். சவூதியிலிருந்து வந்த மாமா மகன் கொண்டுவந்த ஒரு சிவப்பு பனியன்தான் காரணம், வேறு பெரிய கதை இல்லை. இருபது வருஷத்துக்கு மேல் இந்த அணியைப் பார்த்ததை விடக் கேட்டதுதான் அதிகம். கற்றுக்கொண்டதைச் சொல்கிறேன், உங்கள் அணி வேறு என்றாலும் வழி ஒன்றுதான்.

முதலில் நேரம். இதில்தான் புது ஆட்கள் கோட்டை விடுகிறார்கள். இங்கிலாந்தில் மதியம் 3 மணி மேட்ச் நமக்குக் குளிர்காலத்தில் இரவு 8.30, அவர்கள் ஊர் கோடையில் 7.30. அங்கே மார்ச் கடைசி ஞாயிறு கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளுவார்கள், அக்டோபர் கடைசி ஞாயிறு பின்னே இழுப்பார்கள், நமக்கு அந்தப் பழக்கம் இல்லாததால் வருஷத்துக்கு இரண்டு தடவை நாம் ஏமாறுவோம். மாலை 5.30 மேட்ச் என்றால் இங்கே 10 அல்லது 11 மணி. சாம்பியன்ஸ் லீக்கில் இரவு ஆட்டம் நமக்கு 12.30க்கோ 1.30க்கோ தொடங்கும், அதாவது ‘புதன்கிழமை மேட்ச்’ என்று போட்டிருந்தாலும் நமக்கு அது வியாழன். தம்பி ஒருத்தன் புதன்கிழமை விடிகாலையில் எழுந்து உட்கார்ந்து, ஒன்றும் வரவில்லை என்று ரேடியோவைத் தட்டிக்கொண்டிருந்தான்.

அடுத்தது, எதில் கேட்பது. கரையில் இருந்தால் போன் போதும். பெரிய கிளப்புகள் பலவும் தங்கள் ஆப்பிலேயே நேர்முக வர்ணனை தருகின்றன, சிலதில் பெயரைப் பதிவு செய்தால் போதும், சிலதில் காசு கட்ட வேண்டும். பிபிசி உலக சேவையில் சனிக்கிழமை ‘ஸ்போர்ட்ஸ்வேர்ல்டு’ என்று ஒரு நிகழ்ச்சி, பிரீமியர் லீக் ஆட்டத்தின் வர்ணனை அதில் வரும், ஆனால் எந்த ஆட்டம் என்பதை அவர்கள்தான் முடிவு செய்வார்கள், நம் அணியாக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. பிபிசியின் உள்நாட்டு நிலையங்களை நம்பாதீர்கள். செய்தி, பேச்சு எல்லாம் நன்றாக ஓடிக்கொண்டிருக்கும், சரியாக மேட்ச் தொடங்கும் நேரத்தில் வெளிநாட்டுக்காரனுக்கு மட்டும் கதவைச் சாத்திவிடுவார்கள், உரிமம் அப்படி. எதைக் கேட்கப் போகிறோம் என்பதை முந்தின நாளே திறந்து பார்த்து முடிவு செய்யுங்கள், மேட்ச் தொடங்கிய பிறகு பாஸ்வேர்டு தேடுவது போலக் கொடுமை வேறு இல்லை.

டேட்டா கணக்கு பயப்படுகிற அளவுக்கு இல்லை. 64 கேபிபிஎஸ் ஒலி என்றால் மணிக்கு 29 எம்பி, முன்பேச்சு, இடைவேளை எல்லாம் சேர்த்து இரண்டு மணி நேரத்துக்கு 60 எம்பிக்குள் முடிந்துவிடும். 128 என்றால் இரட்டிப்பு. வீடியோ பார்த்தால் இதைப் போலப் பல மடங்கு போய்விடும், அதுவும் நம் பக்கத்து டவரில் சுற்றிக்கொண்டேதான் இருக்கும். போனில் பேட்டரி சேமிப்பு போட்டிருந்தால் திரை அணைந்த கொஞ்ச நேரத்தில் ஆப்பை மூடிவிடலாம், அந்த ஆப்புக்கு மட்டும் கட்டுப்பாட்டை எடுத்துவிடுங்கள். ஸ்கோர் சொல்லும் நோட்டிஃபிகேஷனையும் அணையுங்கள். இணைய ரேடியோ அரை நிமிடம், சில நேரம் ஒரு நிமிடத்துக்கு மேல்கூடப் பிந்தி வரும், வர்ணனையாளர் இன்னும் கார்னரைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும்போது போன் ‘டிங்’ என்று கோலைச் சொல்லிவிட்டால் அந்த ராத்திரி பாழ். இதே காரணத்துக்காக வாட்ஸ்அப் குரூப்பையும் மூடி வையுங்கள், கத்தாரில் இருக்கிற மச்சானுக்கு எப்போதும் நம்மை விட முன்னால் தெரிந்துவிடும்.

தனுஷ்கோடி பக்கம் இருப்பவர்களுக்கு ஒன்று தனியாக. அங்கே போன் தானாகவே இலங்கை டவரைப் பிடித்துக்கொண்டு ‘வரவேற்கிறோம்’ என்று செய்தி அனுப்பும். இரண்டு நாட்டுக்கும் ஒரே நேரம் என்பதால் கடிகாரத்தைப் பார்த்து இதைக் கண்டுபிடிக்க முடியாது. ரோமிங்கை அணைத்து, நெட்வொர்க்கைக் கையால் தேர்ந்தெடுத்து வையுங்கள்.

கடலுக்குப் போகிறவர்களுக்கு, கரை கண்ணிலிருந்து மறைந்த கொஞ்ச தூரத்தில் போன் செத்துவிடும். அங்கே சிற்றலை ரேடியோதான், ஷார்ட் வேவ் என்று பெட்டியில் போட்டிருக்கும். சிற்றலை செத்துப்போச்சு என்று சொல்கிறார்கள், பாதி உண்மை. பிபிசி தமிழோசை 2017 ஏப்ரலோடு சிற்றலையை விட்டுப் போனது, எங்கள் அப்பா அன்றைக்குப் பெட்டியைத் துணி போட்டு மூடி வைத்தார். ஆனால் உலக சேவையின் ஆங்கில ஒலிபரப்பு தெற்காசியாவுக்கு இன்னும் வருகிறது. அலைவரிசை வருஷத்துக்கு இரண்டு தடவை, மார்ச் கடைசியிலும் அக்டோபர் கடைசியிலும் மாறும், அதனால் போன சீசனில் எழுதி வைத்த எண்ணை நம்பாமல் புதிதாகப் பார்த்து எழுதிக்கொண்டு போங்கள். பொதுவாக இருட்டிய பிறகு 49, 41, 31 மீட்டர் பட்டைகளில் தேடுங்கள், அதாவது 6, 7, 9 மெகாஹெர்ட்ஸ் பக்கம். பகலில் அதற்கு மேலே.

ரேடியோவோடு வந்த ஏரியல் கம்பியை மட்டும் நம்பினால் கொரகொரப்புதான் மிஞ்சும். ஏழெட்டு மீட்டர் சாதாரண வயரை ஒரு முனையில் தோலுரித்து ஏரியலில் சுற்றி, மறுமுனையை உயரமாகக் கட்டுங்கள். வீட்டில் என்றால் தென்னை மரம், படகில் என்றால் கேபின் மேல் இருக்கும் கொடிக்கம்பம். எல்இடி விளக்கு, போன் சார்ஜர், படகின் டைனமோ, மூன்றும் சிற்றலைக்கு எதிரி. சார்ஜரைப் பிடுங்கிவிட்டு பேட்டரியில் ஓட்டிப் பாருங்கள், பாதி இரைச்சல் அங்கேயே போய்விடும். அப்படியும் குரல் அலை மாதிரி மேலே வந்து கீழே போகும், அது பெட்டியின் கோளாறு இல்லை, வானத்தில் மோதித் திரும்பி வருகிற சத்தம் அப்படித்தான் இருக்கும். தேய்ந்து போனதும் குமிழைத் திருகாதீர்கள், ஒரு நிமிடம் பொறுத்தால் தானாக ஏறி வரும்.

எப்எம் பற்றிச் சொல்வதற்கு அதிகம் இல்லை. இலங்கைத் தமிழ் நிலையங்கள் நம் கரையில் அருமையாகக் கேட்கும், பாட்டுக்கு நல்லது. பாம்பனின் கடல் ஓசை 90.4 கடலுக்குப் போகிறவர்களுக்காகவே நடக்கிற நிலையம், கிளம்புவதற்கு முன்னால் காற்று எப்படி என்று அதில் கேட்டுக்கொள்ளுங்கள். வாடை வீசுகிற நாளில் மேட்ச்சாவது ஒன்றாவது. அப்புறம், படகுக்குப் படகு பேசுவதற்கு இருக்கும் விஎச்எஃப் பெட்டியில் 16ஆம் சேனலைப் பிடித்து “மாப்ள, ஸ்கோர் என்ன?” என்று கேட்கிற வேலை வேண்டாம். ஆபத்துக் காலத்தில் கூப்பிடுவதற்கு இருக்கிற சேனல் அது.

சரி, சத்தம் வந்துவிட்டது. இனிமேல்தான் உண்மையான வேலை. கிரிக்கெட் வர்ணனையைக் காதால் பார்ப்பது சுலபம், ஒரு பந்து, ஒரு அடி, நடுவில் மூச்சு விட நேரம். ஃபுட்பாலில் பந்து நிற்பதே இல்லை. முதல் பத்து நிமிடம் பெயர்கள் மட்டும் ரயில் போல ஓடும், ஒன்றும் புரியாது.

இதற்கு நூறு வருஷத்துக்கு முன்னாலேயே ஒரு வழி கண்டுபிடித்துவிட்டார்கள். பிபிசி முதன்முதலாக ஒரு ஃபுட்பால் லீக் ஆட்டத்தை நேரடியாக ஒலிபரப்பியது 1927 ஜனவரி 22, லண்டன் ஹைபரியில் ஆர்சனலும் ஷெஃபீல்டு யுனைடெட்டும் ஆடி 1-1 என்று முடிந்த ஆட்டம். கேட்கிறவர்களுக்கு மைதானம் கண்ணில் தெரிய வேண்டும் என்று, ‘ரேடியோ டைம்ஸ்’ பத்திரிகையில் மைதானத்தின் படத்தை எட்டுக் கட்டங்களாகப் பிரித்து எண் போட்டு அச்சடித்தார்கள். ஒருவர் ஆட்டத்தை வர்ணிக்க, இன்னொருவர் பந்து எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று எண்ணைச் சொல்லிக்கொண்டே இருந்தார். வீட்டில் இருந்தவர்கள் படத்தை மடியில் வைத்து விரலை நகர்த்தினார்கள்.

நான் இன்றைக்கும் அதைத்தான் செய்கிறேன். பழைய ஐஸ் பில்லின் பின்பக்கத்தில் ஒரு நீளக் கட்டம், நடுவில் ஒரு கோடு, மொத்தம் எட்டுக் கட்டம். அணிப் பட்டியல் ஆட்டத்துக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் இருக்கும்போதே வந்துவிடும், சிக்னல் இருக்கும்போதே பதினொரு பெயரையும் அவரவர் ஆடும் இடத்தில் எழுதிவிடுவேன். எதிரணியின் பெயர்களையும் எழுத வேண்டும், அதை விட்டால் யார் காலில் பந்து என்று தெரியாது. இப்போது கட்ட எண் சொல்ல ஆள் கிடையாது, ஆனால் பெயரைக் கேட்டதும் இடம் தெரிந்துவிடும்: லெஃப்ட் பேக், அதாவது இடது ஓரத் தடுப்பாட்டக்காரன் பெயர் வந்தால் விரல் இடது கீழே, அடுத்தது விங்கர், அதாவது ஓரமாக ஓடித் தாக்குகிறவன் பெயர் என்றால் அதே ஓரமாக மேலே. இடது, வலது எல்லாம் தாக்குகிற அணியின் பக்கத்திலிருந்து. எந்தப் பக்கம் நோக்கி ஆடுகிறார்கள் என்பதைத் தொடக்கத்தில் ஒரு தடவை சொல்வார்கள், அதைத் தவற விடாதீர்கள். லிவர்பூல் சொந்த மைதானத்தில் இரண்டாம் பாதியில் காப் என்கிற ரசிகர் பக்கத்தை நோக்கி ஆடத்தான் எப்போதும் விரும்பும், ‘காப்’ என்ற சொல் காதில் அடிக்கடி விழுந்தால் நம் ஆட்கள் நெருக்குகிறார்கள் என்று அர்த்தம். மூன்று மேட்ச் இப்படிக் கேட்டால் போதும், நாலாவதற்குக் காகிதம் தேவைப்படாது. வலை இழுக்கிறவன் கையில் காகிதம் எங்கே வைப்பான்? அதனால் கரையில் இருக்கும் வாரங்களிலேயே பழகிக்கொள்ளுங்கள்.

ஆங்கிலம் சரளமாக வராது என்று தயங்க வேண்டாம், இருபது சொல் தெரிந்தால் ஒரு மேட்ச்சை ஓட்டிவிடலாம். ‘ஃபார் போஸ்ட்’ என்றால் பந்து வருகிற பக்கத்துக்குத் தள்ளி இருக்கிற கம்பம், ‘நியர் போஸ்ட்’ கிட்ட இருக்கிறது. ‘பைலைன்’ கோல் கம்பம் நிற்கிற கோடு, அங்கே ஒருத்தன் பந்தோடு போய்விட்டான் என்றால் கோல் முன்னால் குறுக்கே பந்து, அதாவது ‘கிராஸ்’ வரப்போகிறது. ‘வைடு’ பக்கவாட்டில் போனது, ‘ஓவர்’ மேலே போனது, ‘கிளியர்டு’ ஆபத்து தாண்டியது. சொல்லை விடக் குரலைக் கேளுங்கள். வர்ணனையில் இரண்டு பேர் இருப்பார்கள், ஆட்டத்தைச் சொல்கிறவர் ஒருவர், நடுநடுவே விளக்கம் சொல்கிற பழைய ஆட்டக்காரர் ஒருவர். இரண்டாமவர் நிதானமாகப் பேசிக்கொண்டிருந்தால் பந்து நடு மைதானத்தில் சும்மா உருள்கிறது, நீங்கள் எழுந்து தண்ணீர் குடிக்கலாம். முதலாமவர் அவர் பேச்சைப் பாதியில் வெட்டிக்கொண்டு வந்தால் உட்காருங்கள்.

அதற்கும் முன்னால் கூட்டம் சொல்லிவிடும். கோல் விழும்போது வர்ணனையாளர் வாயைத் திறப்பதற்குள் இரைச்சல் வெடித்துவிடும். கொஞ்சத்தில் தவறியது என்றால் ‘ஓ...’ என்று மேலே போய்ச் சரிந்து விழும். எதிரணி கோல் அடித்தால் மைதானமே அடங்கி, எங்கோ ஒரு மூலையில் மட்டும் சின்னதாக ஒரு கூச்சல் கேட்கும், நம் அணி வெளியூரில் ஆடும்போது அந்த மூலைக் கூச்சல் மாதிரி இனிமையான சத்தம் இல்லை. ஒரே ஒரு எச்சரிக்கை, வீடியோ பார்த்து முடிவைச் சரிபார்க்கிற விஏஆர் வந்த பிறகு கோல் என்றதும் கத்திவிடாதீர்கள். நடுவில் பந்தை வைத்து மறுபடி ஆட்டம் தொடங்கிவிட்டது என்று சொன்ன பிறகு கத்துங்கள். ஒரு தடவை வீட்டை எழுப்பி, கோல் இல்லை என்று ஆகி, அந்த வாரம் முழுக்க ரேடியோ அரிசிப் பானைக்குள் இருந்தது.

சீசன் கடைசி நாளில், நம் கோப்பை இன்னொரு மைதானத்து ஆட்டத்தைப் பொறுத்தது என்றால் ஒரே ஆட்டத்தைச் சொல்லும் ஒலிபரப்பு போதாது. ஊர் ஊராகத் தாவுகிற வர்ணனை வேண்டும். இத்தாலியின் ராய் வானொலி 1960இலிருந்து அப்படித்தான் எல்லா மைதானத்துக்கும் மாறி மாறிப் போகிறது, ஸ்பெயின் நிலையங்களும் அதே வழி. மொழி தெரியாவிட்டாலும் ஊர் பெயரும் ‘கோல்’ என்பதும் தெரிந்தால் போதும்.

இடைவேளையில் அணைக்காதீர்கள். 2005 மே 25, இஸ்தான்புல்லில் சாம்பியன்ஸ் லீக் ஃபைனல், லிவர்பூலும் இத்தாலியின் ஏசி மிலானும், மீன்பிடித் தடைக்காலம் என்பதால் படகு கட்டிக் கிடந்தது, நான் கரையில். நமக்கு 12.15க்குத் தொடங்கியது. முதல் நிமிடத்திலேயே மிலானுக்கு மால்டினி அடித்தார், அப்புறம் கிரெஸ்போ இரண்டு, ஒரு மணி வாக்கில் 3-0. பேட்டரியாவது மிஞ்சட்டும் என்று அணைத்துவிட்டுப் படுத்தேன். 54, 56, 60ஆம் நிமிடங்களில் மூன்று கோல், அப்புறம் பெனால்டியில் லிவர்பூல் ஜெயித்ததை விடிந்த பிறகு டீக்கடையில் இன்னொருத்தன் சொல்லித் தெரிந்துகொண்டேன், அவன் ஃபுட்பால் ரசிகன்கூட இல்லை. அன்றிலிருந்து கூடுதலாக ஒரு ஜோடி பேட்டரி பிளாஸ்டிக் உறையில் சுற்றிப் பெட்டியோடு வைத்திருக்கிறேன், நீங்களும் வையுங்கள்.

சீசன் மே மாதம் முடியும். நமக்கு ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை தடைக்காலம், அதனால் கடைசி ஆட்டங்களைக் கரையில் நிம்மதியாகக் கேட்கலாம். முடிந்ததும் பேட்டரியை வெளியே எடுத்துவிடுங்கள், நம் காற்றில் உள்ளேயே விட்டால் முனையெல்லாம் பச்சை பூத்துவிடும். ஏரியல் கம்பியைத் தேங்காய் எண்ணெய் தொட்ட துணியால் ஒரு தடவை துடைத்து, ஆகஸ்ட் வரை அரிசிப் பானை இல்லாத வேறு இடத்தில் வைக்கச் சொல்லி வீட்டில் கேட்டுக்கொள்ளுங்கள்.