தொட்டியில தண்ணி தேங்குதா? அடியில ஜல்லி போடுறத முதல்ல நிறுத்துங்க

செடி வாடுதேன்னு தண்ணி ஊத்துவோம், மறுபடி வாடும், மறுபடி ஊத்துவோம், கடைசில செடியே போயிடும். இலை தொங்கிட்டு இருக்கு ஆனா மண்ணுக்குள்ள விரல விட்டா சொதசொதன்னு ஈரமா இருக்கு, லேசா கெட்ட வாடை வேற வருதுன்னா, அங்க பிரச்சன தண்ணி பத்தாதது இல்ல, வேருக்கு காத்து கிடைக்காம அழுக ஆரம்பிச்சிருக்கு.

இதுக்கு எல்லாரும் சொல்ற வைத்தியம் அடியில ரெண்டு இன்ச் ஜல்லி போடுறது. தயவுசெஞ்சு போடாதீங்க. பொடி மண்ணுல இருக்குற தண்ணி கீழ இருக்குற பெரிய இடைவெளிக்குள்ள சும்மா இறங்காது, மண்ணு முழுசா ஊறி நிறைஞ்ச பிறகுதான் சொட்டும். நம்பிக்கை இல்லைன்னா பாத்திரம் கழுவுற ஸ்பாஞ்ச ஊற வச்சு படுக்கவாட்டுல பிடிங்க, சொட்டுறது நின்னதும் அப்படியே நிமிர்த்திப் பிடிங்க, திரும்ப தண்ணி ஊத்தும். உயரம் கூடினா நல்லா வடியும், அவ்ளோதான் விஷயம். ஜல்லி போட்டா மண்ணோட உயரம் குறையுது, மண்ணோட அடியில எப்பவும் ஊறியே நிக்கிற சகதி லேயர் வேருக்கு இன்னும் கிட்ட வந்துடுது.

அப்போ என்னதான் பண்றது? ஓட்டைய பாருங்க. ஒரு அடி அகல தொட்டின்னா சுண்டுவிரல் அளவுக்கு நாலஞ்சு ஓட்டையாவது வேணும், நடுவுல ஒண்ணு மட்டும் இருந்தா பத்தாது. மண்ணு வெளிய போகாம இருக்க ஒரு துண்டு கொசுவலை போதும். தொட்டிய தரையோட ஒட்டி வைக்காம மூணு ஓட்டுத்துண்டு மேல தூக்கி வைங்க, அடித்தட்டுல நிக்கிற தண்ணிய கொட்டிடுங்க.

அடுத்து கலவை, இதுலதான் பாதி வெற்றி. வெறும் தோட்டத்து மண்ணு தொட்டியில இறுகிப்போகும். மண்ணு, மக்குன உரம், கோகோபீட் (தேங்கா நார்த்தூள்) மூணும் சம அளவு எடுத்து, கூட பெர்லைட்டோ (எடை கம்மியான வெள்ளைக் குருணைக் கல்) பருமணலோ ஒரு கை தாராளமா சேருங்க. நைஸ் மணல் வேண்டவே வேண்டாம், அது இருக்குற இடைவெளியையும் அடைச்சிடும்.

மேட்டுப்பாத்திக்கு வேற கதை. அடியில பிளாஸ்டிக் ஷீட் விரிக்காதீங்க, களை வராம இருக்க அட்டைப்பெட்டி விரிச்சா போதும், அது மக்கிடும். மண்ணு நிரப்புறதுக்கு முன்னாடி கீழ இருக்குற தரைய அரை அடி ஆழம் கொத்தி விடுங்க, இல்லன்னா மேல எவ்ளோ நல்ல கலவை போட்டாலும் இறுகின தரையில தண்ணி முட்டிக்கிட்டு நிக்கும். தரை எப்படின்னு தெரிய ஒரு அடி குழி தோண்டி தண்ணி நிரப்பி வடிய விடுங்க, ரெண்டாவது தடவ நிரப்பிட்டு பாருங்க, மணிக்கு ஒரு இன்ச்சுக்கும் கம்மியா இறங்குச்சுன்னா பாத்திய ஒரு அடிக்கு மேல உயர்த்தியே கட்டுங்க. சிமெண்ட் தரை மேல பாத்தின்னா சரிவு இருக்குற பக்கம் சுவரோட அடியில ஓட்டை கட்டாயம் விடணும்.

ஏற்கனவே தேங்குற தொட்டின்னா மண்ண கலைக்கிறதுக்கு முன்னாடி கீழ இருந்து ஓட்டைக்குள்ள ஒரு குச்சிய விட்டு பாருங்க, பல நேரம் வேர்தான் அடைச்சிட்டு இருக்கும்.