சேலத்தில் ரத்தம் தேடுகிறீர்களா? புரோக்கரிடம் சிக்காமல் வாங்குவது இப்படி

2016-ல் வந்த 'லால் ரங்' இந்திப் படத்தில் ஹரியானாவின் கர்னால் ஊரில் ரத்தப் பைகளைத் திருடி விற்பார்கள். சினிமாதானே என்று விட்டுவிட்டேன். அப்புறம் ஏற்காட்டிலிருந்து சித்தியை 20 கொண்டை ஊசி வளைவும் இறக்கிக் கொண்டுவந்து சேலத்தில் ஒரு மருத்துவமனையில் சேர்த்த அன்று, வாசல் டீக்கடையில் ஒருத்தர் என் கையிலிருந்த சீட்டை எட்டிப் பார்த்து, "தம்பி, ஓ நெகட்டிவா? ஆள் ரெடியா இருக்குங்க, 3,000 ஆகும்" என்றார்.

அந்த ஆளிடம் பேச்சே வேண்டாம். ரத்த வங்கிக்குக் கொண்டுபோக, ரத்தம் கேட்டு டாக்டர் கையெழுத்திட்ட படிவமும் நோயாளியின் ரத்த சாம்பிள் டியூபும்தான் முதலில் வேண்டும். இரண்டிலும் பெயர், ஐ.பி. நம்பர் (உள்நோயாளி எண்) எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போகிறதா என்று வார்டிலேயே பாருங்கள். சித்தி பெயரில் இனிஷியல் விட்டுப்போனதால் என்னை ரத்த வங்கியில் திருப்பி அனுப்பிவிட்டார்கள், மூன்று மாடி ஏறி இறங்கினேன். எரிச்சல்தான், ஆனால் ஆள் மாறி ரத்தம் ஏறினால் உயிரே போகலாம்.

அந்த ரத்த வங்கியில் இருப்பு இல்லையா, எந்த ரத்த வங்கியில் எவ்வளவு இருப்பு என்று காட்டும் அரசின் இ-ரக்த்கோஷ் இணையதளத்தில் சேலம் மாவட்டத்தைத் தேர்ந்தெடுத்துப் பாருங்கள். அதில் காட்டுவதை நம்பி உடனே வண்டியை எடுக்காதீர்கள், போன் செய்து உறுதி செய்துகொள்ளுங்கள்.

ரத்தத்துக்கு விலை கிடையாது, பரிசோதித்துப் பிரித்து வைப்பதற்கான கட்டணம் மட்டும்தான். 2022 விதிப்படி தனியார் வங்கியில் ஒரு யூனிட் சிவப்பணுவுக்கு 1,550 ரூபாய் உச்சவரம்பு, கூடுதல் பரிசோதனை செய்தால் அதற்குத் தனி. ரசீது கேட்டு வாங்குங்கள். காசுக்கு ரத்தம் கொடுப்பது உச்ச நீதிமன்றத் தீர்ப்பால் 1998 ஜனவரி 1 முதல் தடை. காசுக்காக வருகிறவர் போன மாதம் கொடுத்ததையோ மஞ்சள் காமாலை வந்ததையோ வாய் திறந்து சொல்வாரா? எச்.ஐ.வி., ஹெபடைடிஸ் எல்லாம் பரிசோதிக்கிறார்கள், சரி, ஆனால் தொற்றிய புதிதில் பரிசோதனையிலும் தெரியாமல் போகலாம்.

ரத்தம் கொடுக்க ஆள் கேட்டு வாட்ஸ்அப்பில் போடும்போது ரத்த வகை, மருத்துவமனை, தேதி, உங்கள் நம்பர் போதும். கிடைத்ததும் "கிடைத்துவிட்டது" என்று அதே வாட்ஸ்அப் குரூப்களில் போட்டுவிடுங்கள், எனக்கு ஒரு மாதம் கழித்தும் போன் வந்தது. கொடுக்க வருகிறவருக்கு 18 வயது முடிந்து, 45 கிலோவாவது இருக்க வேண்டும். கடைசியாகக் கொடுத்து ஆண் என்றால் மூன்று மாதம், பெண் என்றால் நான்கு மாதம் ஆகியிருக்க வேண்டும். சாப்பிட்டுவிட்டு வரச் சொல்லுங்கள்.

பை கைக்கு வந்ததும் லேபிளில் ரத்த வகையையும் காலாவதி தேதியையும் பார்த்துவிட்டு, ஐஸ் வைத்த பெட்டியோடு நேராக வார்டுக்குப் போங்கள். டீயெல்லாம் நர்ஸ் கையில் கொடுத்த பிறகு.