சிவில் வழக்கில் வாய்தாவுக்கு வர இயலாதபோது செய்ய வேண்டியவை

சிவில் வழக்கில் ஒவ்வொரு வாய்தாவுக்கும் கட்சிக்காரர் நேரில் வந்தாக வேண்டும் என்பதில்லை. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 3, விதி 1இன்படி, வக்காலத்து கொடுக்கப்பட்ட வழக்கறிஞர் ஆஜரானாலே பெரும்பாலான நாட்களுக்குப் போதும். நேரில் வர வேண்டியது சாட்சியம் அளிக்கும் நாளிலும், நேரில் ஆஜராகும்படி நீதிமன்றமே உத்தரவிட்ட நாளிலும், வழக்கறிஞர் இல்லாமல் தாமே வழக்கை நடத்தும்போதும்தான். ஆகவே, வர இயலாது என்று தெரிந்தவுடன் அன்றைய வாய்தா எதற்காகப் போடப்பட்டிருக்கிறது என்பதை முதலில் வழக்கறிஞரிடம் கேட்டறிய வேண்டும்.

சாட்சியத்துக்கான நாளாக இருந்தால், முன்கூட்டியே வாய்தா (வழக்கை வேறு நாளுக்கு ஒத்திவைத்தல்) கோரி மனுவும் அதற்கு ஆதரவான பிரமாண வாக்குமூலமும் தாக்கல் செய்வதே பாதுகாப்பானது. ‘உடல்நிலை சரியில்லை’ என்ற ஒற்றை வரியை நீதிபதிகள் நாள்தோறும் படிக்கிறார்கள். அதற்கு மதிப்புக் குறைவு. மாறாக, “நான் இவ்வழக்கின் 1ஆம் பிரதிவாதி. 12.3.2025 அன்று என் சாட்சியத்துக்காக வழக்கு போடப்பட்டுள்ளது. 10.3.2025 அன்று எனக்குக் குடலிறக்க அறுவை சிகிச்சை நடந்து, இன்னும் மருத்துவமனையில் உள்நோயாளியாக இருக்கிறேன், மருத்துவச் சான்று இணைக்கப்பட்டுள்ளது” என்று எழுதினால், காரணமும் நாளும் ஒன்றோடொன்று பொருந்தி நிற்கின்றன. கட்டளை 17, விதி 1இன்படி வழக்கு விசாரணையின்போது ஒரு தரப்புக்கு மூன்று முறைக்கு மேல் வாய்தா தரக்கூடாது என்பதும், வழக்கறிஞருக்கு வேறு கோர்ட்டில் வேலை இருக்கிறது என்பது காரணமாகாது என்பதும் நினைவில் இருக்கட்டும். நடமாட முடியாத அளவுக்கு நோயுற்றவர் வாய்தா மேல் வாய்தா கேட்பதைவிட, கட்டளை 26இன்படி ஆணையர் வீட்டுக்கே வந்து சாட்சியம் பதிவு செய்யுமாறு மனு செய்வது நல்லது. பலருக்கு இந்த வழி தெரிவதில்லை.

நீதிமன்ற ஊழியரான டவாலி பெயரைக் கூப்பிட்டும் தரப்பில் ஒருவரும் எழுந்து நிற்காத நிலை ஏற்பட்டுவிட்டால், அடுத்து என்ன செய்வது என்பது வராதவர் யார் என்பதைப் பொறுத்தது. பிரதிவாதி வந்திருந்து வாதி மட்டும் வராததால் கட்டளை 9, விதி 8இன் கீழ் வழக்கு தள்ளுபடியானால், அதே காரணத்துக்காகப் புதிய வழக்குப் போட விதி 9 தடை விதிக்கிறது. அந்த வழக்கையே மீண்டும் கோப்புக்கு எடுக்கும்படி மனு செய்ய வேண்டும். பிரதிவாதியை எக்ஸ்பார்ட்டி ஆக்கி, அதாவது வராதவர் என்று பதிவு செய்து, அவர் இல்லாமலேயே வழக்கு மேலும் நடந்துகொண்டிருந்தால் விதி 7இன் கீழும், தீர்ப்பாணையே பிறப்பிக்கப்பட்டிருந்தால் விதி 13இன் கீழும் மனு செய்ய வேண்டும். விசாரணை முடிந்து தீர்ப்புக்காக வழக்கு ஒத்திவைக்கப்பட்ட பிறகு விதி 7 உதவாது என்று 1963இல் அர்ஜுன் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருப்பதால், இங்கே ஓரிரு நாட்கூட வீணாக்கக் கூடாது.

காலவரையறைச் சட்டத்தின்படி வழக்கை மீட்கவும், எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணையை நீக்கவும் 30 நாட்களே அவகாசம். தள்ளுபடியான நாளிலிருந்து, அல்லது தீர்ப்பாணை நாளிலிருந்து இது கணக்கிடப்படும்; சம்மன் முறையாகச் சேர்ப்பிக்கப்படாத பிரதிவாதிக்கு மட்டும், தீர்ப்பாணையைப் பற்றித் தெரிந்த நாளிலிருந்து. ஆனால் விசாரணை நாள் முன்பே தெரிந்து, வந்து பதில் சொல்லப் போதிய அவகாசமும் இருந்தவர், சம்மன் சேர்ப்பித்ததில் இருந்த சிறு முறைகேட்டைக் காட்டித் தப்ப முடியாது. நாள் கடந்துவிட்டால், பிரிவு 5இன் கீழ்த் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் கூடவே வேண்டும். வராமைக்குச் சொல்லும் காரணம் வேறு, தாமதத்துக்குச் சொல்லும் காரணம் வேறு. இரண்டையும் ஒரே வாக்குமூலத்தில் குழப்பி எழுதுவதால்தான் பல மனுக்கள் எதிர்த்தரப்பின் முதல் ஆட்சேபணையிலேயே ஆட்டம் காண்கின்றன.

எக்ஸ்பார்ட்டி தீர்ப்பாணையை நீக்க மனு போட்டதால் மட்டும், அதைச் செயல்படுத்தக் கோரி எதிர்த்தரப்பு போட்ட நிறைவேற்று மனு நின்றுவிடாது. தடை கோரித் தனியே மனு செய்ய வேண்டும். மனு அனுமதிக்கப்படும்போது நீதிமன்றம் செலவுத்தொகை செலுத்தும்படி நிபந்தனை விதிக்கலாம். குறித்த நாளுக்குள் அதைக் கட்டி, ரசீதைக் கோப்பில் சேர்த்துவிட வேண்டும். மனு தள்ளுபடியானால் கட்டளை 43இன் கீழ் மேல்முறையீட்டுக்கு வழி உண்டு.